உன் அம்மா பேசிய கம்ப்யூட்டர்

தோணிரேவு
7-3-1988

அன்பு மகள் ஜெசிந்தாவுக்கு நைனா எழுதுவது. ஆண்டவர் கருணையில் நானும் உன் அம்மாவும் சுகம், என் இடது முழங்கால் நீங்கலாக. அங்கே நீயும் வேளைக்குச் சாப்பிட்டு, தூக்கம் கெடாமல், உடம்பில் ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறாய் என்று நம்பித்தான் இந்தத் தாளை எடுத்திருக்கிறேன், அப்படி இல்லையென்றால் அடுத்த கடிதத்தில் மறைக்காமல் எழுது. மழை நன்றாகப் பெய்ததால் ஏரியில் இந்த வருஷம் இறால் பரவாயில்லை, முகத்துவாரமும் இன்னும் அடைபடவில்லை. பின்பக்கத்து ஓடு மாற்றியாகிவிட்டது. மீனவர் சங்கத்தில் செகரட்டரி வேலை இந்தத் தடவையும் எனக்கு வரவில்லை, பத்தாவது தேறாத ஒருவன் வந்து உட்கார்ந்திருக்கிறான், அவன் எழுதும் இங்கிலீஷைத் திருத்துகிற வேலை மட்டும் பி.ஏ. படித்த எனக்கு. அதைப் பற்றி ஆரம்பித்தால் தாள் போதாது, விட்டுவிடுகிறேன். எழுத உட்கார்ந்தது வேறு விஷயம். போன கடிதத்தில் நீ, வார்டில் நான் இப்போதெல்லாம் வாயே திறப்பதில்லை நைனா, நான் இன்னா என்று கேட்டால் மற்ற ஊர்த் தமிழ் நர்சுகள் சிரிக்கிறார்கள், அதனால் தலையாட்டியே காலம் தள்ளுகிறேன் என்று எழுதியிருந்தாய். அதை உன் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். அவள் அரிசியைப் புடைத்துக்கொண்டே என்னை ஒரு பார்வை பார்த்தாள். அந்தப் பார்வைக்கு அர்த்தம் இருக்கிறது. உன் அம்மா கோயிலில் பைபிள் வாசகம் வாசிப்பதை ஏன் விட்டாள் என்று நீ குவைத்துக்குக் கிளம்பும்போது என்னைக் கேட்டாய், தொண்டை சரியில்லை என்று சொன்னேன். அது பொய். உண்மையை இப்போது எழுதுகிறேன், பெற்றவன் மகளுக்கு எழுதக் கூச்சப்படுகிற விஷயம்தான், இருந்தாலும் நீ வாய் மூடிக்கொண்டேன் என்று எழுதிய பிறகு எழுதாமல் இருக்க முடியவில்லை.

நான் டி.வி.க்கு எழுதிய நாடகம் உனக்கு ஞாபகம் இருக்கும், அதைப் படம் எடுத்தபோது நீ நர்சிங் விடுதியில் இருந்தாய், பாதிக் கதைதான் தெரியும், அந்தப் பாதியும் நான் சொன்னது. அது மனசில் விழுந்தது ஸ்கைலாப் என்ற அமெரிக்க விண்கலம் தலையில் விழப்போகிறது என்று ஊரே பயந்துகொண்டிருந்த வருஷம், ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் விடும் நாளில் யாரும் கடலுக்குப் போகக்கூடாது என்ற நோட்டீசும் சங்கத்துக்கு வரும், அதைப் பார்த்து எழுதி ஒட்டுவது என் வேலை. ஒரு நாள் நான் ஒட்டிக்கொண்டிருக்கும்போது நம் தெரு வடிவேலு பின்னால் நின்று, இன்னா சார், இவங்க மேல போய் எடம் புடிச்சா அங்க வலைக்குப் பாடு யாரு போடுவா, நீயா, என்று கேட்டான். அங்கிருந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள், நான் சிரிக்கவில்லை, ஆனால் அது மண்டைக்குள் தங்கிவிட்டது. அப்படி எழுதியதுதான் சந்திர மண்டலக் கிளை. வருஷம் இரண்டாயிரத்து எண்பது. நிலாவில் மீனவர் கூட்டுறவுச் சங்கத்துக்கு ஒரு கிளை ஆபீஸ், ஒரு மேனேஜர், ஒரு குமாஸ்தா, ஒரு பியூன், ஒரு கம்ப்யூட்டர். நிலாவில் தண்ணீரே கிடையாது, மீன் எங்கே இருக்கும், ஆனால் கிளை திறக்கச் சொல்லி உத்தரவு வந்துவிட்டது, யாரும் சரிபார்க்கவில்லை, ஆகவே தினமும் கையெழுத்துப் போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறார்கள். டீ மிதந்து போய்விடும் என்று பியூன் கிளாசை மூடியே கொண்டுவருவான். பூமியிலிருந்து ஒரு ஆள் வலையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்து, எனக்கு எப்போது பாடு என்று கேட்டு நிற்பான், அங்கேதான் கதை. பதின்மூன்று வாரத்துக்கு எழுதி முடிக்கவே நாலைந்து வருஷம் ஆனது. என்னோடு காலேஜில் படித்த சீனிவாசன் கோடம்பாக்கத்தில் சின்னதாக ஒரு ஸ்டூடியோ வைத்திருந்தான், படித்துவிட்டு, முதல் வாரத்தை மட்டும் எடுத்துக் காட்டுவோம், ஒரு சோப்புக் கம்பெனி பணம் போடத் தயாராக இருக்கிறது, அதற்குப் பைலட் என்று பேர் என்றான். நம் தெருவில் எல்லோரும் நான் விமானம் ஓட்டுகிறவனைப் பற்றி எழுதியிருக்கிறேன் என்று நினைத்துக்கொண்டார்கள், உன் அம்மாவும் கடைசிவரை, அந்தப் பைலட்டு எப்ப வருவான் என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.

எண்பத்து நாலு ஜூன் மாதம் படப்பிடிப்பு. எல்லோருக்கும் சாப்பாட்டுக்கு இறால் வறுத்து எடுத்துக்கொண்டு உன் அம்மாவும் வந்தாள். மேனேஜராக நடித்தவர் மயிலாப்பூர் நாடகக்காரர், நல்ல குரல். அவர் வந்தவனிடம், உனக்கு இன்றைக்குப் பாடு இல்லை, என்று சொல்ல வேண்டும். நம் ஊரில் அதைச் சொன்னால் கேட்பவன் முகம் எப்படித் தொங்கும் என்று உனக்குத் தெரியும். ஆனால் பட்டணத்தில் பாடு என்றால் கஷ்டம். அவர் முகம் மலர்ந்து, ஆசீர்வாதம் கொடுப்பதுபோல் கையைத் தூக்கி, உனக்கு இன்றைக்குப் பாடு இல்லையப்பா என்றார், எதிரே நின்றவனும் கும்பிட்டு, ரொம்ப நன்றி சார் என்று தானாகச் சேர்த்துக்கொண்டான். நான் கத்தினேன். சீனிவாசன் என்னைத் தனியே கூப்பிட்டு, பாடு என்றால் என்ன என்று இரண்டு வரி யாராவது பேசட்டும், நீ எழுதிக் கொடு, மெட்ராஸ்காரனுக்கு இது புரியாது என்றான். ஏரியில் எந்த இடத்தில் எந்த நாள் யார் வலை கட்டலாம் என்று ஊர் கூடிப் போடுகிற முறைக்குப் பாடு என்று பேர், அவ்வளவுதான், இரண்டு வரி கூட வேண்டாம். நான் எழுதித் தரவில்லை. தெரியாதவன் தெரிந்துகொண்டு வரட்டும் என்றேன். அதோடு, கம்ப்யூட்டருக்குக் குரல் கொடுக்க வேண்டிய பெண் அன்றைக்கு ஏதோ சினிமா டப்பிங் என்று வரவில்லை. கம்ப்யூட்டர் என்பது ஒரு ஃபிரிட்ஜ் வந்த அட்டைப்பெட்டி, வெள்ளிப் பெயிண்ட் அடித்துக் கல்யாண வீட்டுச் சீரியல் லைட்டைச் சுற்றியிருந்தார்கள். என்னை ஒரு வார்த்தை கேட்காமல் சீனிவாசன் உன் அம்மாவை அந்தப் பெட்டிக்குள் உட்கார வைத்துவிட்டான். நான் எழுதியிருந்தது, உறுப்பினரே தங்கள் வரிசை எண்ணைத் தெரிவிக்கவும், உரிய நேரத்தில் தங்கள் முறை அறிவிக்கப்படும். உன் அம்மா சொன்னது, இன்னாய்யா, நம்பர் இன்னா, மேல வந்து உழாத, வரிசையில நில்லு, உன் பாடு வரும். லைட் பிடித்துக்கொண்டிருந்தவன் ஏணியிலிருந்து விழப் பார்த்தான். எல்லோரும் சிரித்தார்கள், நம்மைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள் என்று எனக்குப் பட்டது.

ஒரு மாதம் கழித்து சீனிவாசனிடமிருந்து தந்தி வந்தது. பேச்சில் குறை என்கிறார்கள், விவரம் கடிதத்தில், என்று இருந்தது. பேச்சு என்றால் யார் பேச்சு, எனக்குச் சந்தேகமே வரவில்லை. வாசலில் வடிவேலு இருந்தான், பக்கத்து வீட்டு ரோசி இருந்தாள், அவர்கள் முன்னால் உன் அம்மாவைப் பார்த்து, நிலாவுக்குப் போன கம்ப்யூட்டர் இன்னா என்று பேசினால் எவன் காசு போடுவான், என் பதின்மூன்று வாரத்தையும் நீ ஒரு வாயில் முழுங்கிவிட்டாய் என்று சொன்னேன். அவள் உள்ளே போய்விட்டாள். அந்த ஞாயிறு வாசகம் வாசிக்கப் போகவில்லை, அதற்கடுத்த ஞாயிறும் போகவில்லை. வெளி ஆள் வந்தால் காப்பியை வைத்துவிட்டு உள்ளே போய்விடுவாள். சீனிவாசனுடைய கடிதம் வந்தது, நான் பிரிக்கவில்லை. பிறகு இரண்டு வந்தன, அவற்றையும் பிரிக்காமல் டிரங்குப் பெட்டியில் போட்டேன். யார் யார் எனக்கு என்ன செய்தார்கள் என்பதை மறக்காமல் வைத்துக்கொள்வது என் சுபாவம், உனக்குத் தெரியும், அதை ஒரு பெருமையாகவே நினைத்திருந்தேன்.

போன மாதம் சீனிவாசன் புத்திசாலித்தனமாகக் கார்டில் எழுதிவிட்டான். கவரைப் பிரிக்காமல் வைக்கலாம், கார்டை எப்படிப் பிரிக்காமல் வைப்பது. அதுவும் தபால்காரர் நம் வீட்டுக்கு வரும் முன்னாலேயே நாலு வீட்டில் படித்துக் காட்டியாகிவிட்டது. ஸ்டூடியோவை மூடுகிறேன், இருக்கிற டேப்பெல்லாம் கல்யாண வீடியோ எடுக்கிறவருக்குப் போகிறது, சனிக்கிழமைக்குள் வந்தால் உன் நாடகத்தைப் பார்க்கலாம், அப்புறம் அதன் மேல் யாருடைய கல்யாணமாவது ஏறிவிடும் என்று எழுதியிருந்தான். ஏறட்டும் என்றேன் நான். உன் அம்மா துவைத்த சேலையை மடித்துக்கொண்டிருந்தாள். திரும்பாமலே சொன்னாள், நான் பேசினது எப்பிடி இருந்துச்சுனு எனக்கே தெரியாது ஜெசி நைனா, நீ சொன்னது மட்டுந்தான் தெரியும், ஒரு வாட்டி பாத்துட்டு வந்துர்றேன், நீ வராட்டியும் ரோசியக் கூட்டிகினு போவேன். நாலு வருஷத்தில் அவள் அத்தனை நீளமாகப் பேசி நான் கேட்கவில்லை. வெள்ளிக்கிழமை முதல் பஸ்ஸில் பொன்னேரி போய் ரயில் ஏறினோம்.

சீனிவாசனுக்குத் தலை முழுக்க நரைத்துவிட்டது. என்னைப் பார்த்ததும், டேய் தானியேலு, என் லெட்டரையெல்லாம் இன்னாடா பண்ணே என்றான். பெட்டியில் இருக்கிறது என்றேன். படிச்சியா என்றான். இல்லை என்றேன். போய் டேப்பைப் போட்டான். இருபத்தைந்து நிமிஷம். ஜெசிந்தா, என் நாடகத்தை நான் அப்போதுதான் முதல் தடவை முழுதாகப் பார்த்தேன். மேனேஜர் பேசுகிறார், குமாஸ்தா பேசுகிறான், எல்லாம் சர்க்குலர் படிப்பதுபோல் இருக்கிறது, எல்லாம் நான் எழுதியது. அந்தப் பெட்டி வாயைத் திறந்ததும்தான் அது ஒரு ஆபீஸ் ஆகிறது, வரிசையில் நிற்கிறவன் உண்மையில் வரிசையில் நிற்கிறான். நான் சிரித்துவிட்டேன். நான் எழுதாத வரிக்கு நான் சிரித்தேன். உன் அம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு பார்த்தாள், முடிந்ததும், அது நானா என்றாள், பிறகு, உள்ள ஒரே வேர்வை, அது ஒண்ணும் தெரியல பாரு என்றாள். அதற்குப் பிறகு சீனிவாசன் அந்தச் சோப்புக் கம்பெனி கடிதத்தின் நகலை எடுத்துக் கொடுத்தான், நான் பிரிக்காத முதல் கவரில் இருந்ததும் அதுதான். பாத்திரங்கள் நிமிஷத்துக்கு ஒரு முறை பாடு, பாடு என்கிறார்கள், கடைசிவரை ஒருவரும் பாடவில்லை, பாட்டு டேப்பில் விட்டுப்போய்விட்டதா என்று கேட்டிருந்தார்கள். பேச்சில் குறை என்றது அது. அதன் கீழே, கம்ப்யூட்டராகப் பேசும் அம்மாள் எங்கள் ஆபீசில் எல்லோரையும் சிரிக்க வைத்துவிட்டார், அவருக்கு இன்னும் அதிகம் இடம் கொடுத்து, பாடு விஷயத்தையும் விளங்க வைத்து, இரண்டு மாதத்துக்குள் திருப்பி அனுப்பினால் தொடரை எடுத்துக்கொள்கிறோம் என்று இருந்தது. இரண்டு மாதம். அது என் டிரங்குப் பெட்டியில் நாலு வருஷம் இருந்தது. நான் யாரை நோவது சொல். நோகிறதற்கு எப்போதும் யாராவது கிடைப்பார்கள், இந்தத் தடவை தேடிப் பார்த்துவிட்டேன், கிடைக்கவில்லை. கடிதத்தை உன் அம்மாவுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். அம்மாள் என்று எழுதியிருந்த இடத்தை இன்னொரு தடவை படிக்கச் சொன்னாள்.

திரும்பி வரும்போது மீஞ்சூரில் ரயிலை வெகுநேரம் நிறுத்திவிட்டான். நான் சொன்னது தப்பு என்றேன். எது, நீ நெறைய சொல்லிருக்கியே, எதுனு சொன்னா ஞாபகம் வெச்சுக்கலாம் என்றாள். வாசலில் எல்லோர் முன்னால் சொன்னது என்றேன். அப்போ எல்லார் முன்னாலயும் சொல்லு என்றாள். மறுநாள் வடிவேலுவையும் ரோசியையும் கூப்பிட்டு, தந்தியில் இருந்த குறை என்னுடையது, மரியம்மாவுடையது அல்ல என்று சொன்னேன். வடிவேலு, இதச் சொல்லவா சார் வலய உட்டுட்டு வரச் சொன்னே, இது எங்களுக்கு அன்னிக்கே தெரியுமே என்றான். இருக்கட்டும், சொல்லிவிட்டேன். நேற்று பூசை முடிந்து உன் அம்மா நேராகச் சாமியாரிடம் போய், குருத்தோலை ஞாயிறு அன்று ஆண்டவர் பட்ட திருப்பாடுகளை வாசிப்பதற்குத் தன் பேரையும் எழுதச் சொன்னாள். நான் பத்தடி தள்ளி நின்றேன். உனக்கு முன்னால் மூன்று பேர் கொடுத்திருக்கிறார்களே அம்மா என்றார் அவர். அவள் அந்தப் பெட்டிக்குள்ளிருந்து பேசிய அதே குரலில், இருக்கட்டும் சாமி, வரிசையில நிக்கிறேன், என் பாடு வரும் என்றாள். சாமியாருக்கு ஒன்றும் புரியவில்லை. எனக்குப் புரிந்தது.

நம் பழவேற்காட்டு உமர் லீவு முடிந்து இருபதாம் தேதி குவைத்துக்குத் திரும்புகிறான், அவன் கையில் ஒரு கேசட் கொடுத்தனுப்புகிறேன். சீனிவாசன் நகல் எடுத்துத் தந்தது. மேலே கங்காதரன் கல்யாணம் என்று ஒட்டியிருக்கும், அதை நம்பாதே, உள்ளே நிலா இருக்கிறது. இங்கே நம் ஊரில் போட்டுப் பார்க்க யாரிடமும் வீடியோ டெக் இல்லை, உங்கள் விடுதியில் இருக்கிறது என்று எழுதியிருந்தாயே, ஆகவே அதை நீ தனியாகப் பார்க்காமல் உன்னைப் பார்த்துச் சிரிக்கிற நர்சுகளையும் கூப்பிட்டு உட்கார வைத்துப் பார். சிரிப்பார்கள். சிரிக்கட்டும், எதற்குச் சிரிக்கிறார்கள் என்று ஆள் வாயால் கேட்டுத் தெரிந்துகொள், நான் செய்ததுபோல் நீயே முடிவு கட்டிக்கொள்ளாதே. பாடு என்றால் என்ன என்று முன்னாலேயே இரண்டு வரி சொல்லிவிடு, அதில் கௌரவம் ஒன்றும் குறையாது. நோயாளியிடம் இன்னா என்றே கேள், வலிக்கிறவனுக்கு அது புரியும். கருவாடும் நெல்லிக்காய் ஊறுகாயும் அதே பையில் இருக்கிறது, கேசட் மேல் எண்ணெய் படாமல் தனியே சுற்றியிருக்கிறேன், வாங்கியதும் பிரித்து வை. கடிதம் வந்தால் அன்றைக்கே பிரி. தாயும் தகப்பனும் உனக்குச் சொல்லும் ஆசீர்வாதம் இந்தத் தடவை ஒன்றுதான், அதை உன் அம்மாவே சொல்லச் சொல்லி எழுதுகிறேன், அவள் சொன்னபடியே: வரிசைய உட்டு மட்டும் வந்துராத கண்ணு, வாயத் தொறந்து நம்பரச் சொல்லு, உன் பாடு வரும்.

இப்படிக்கு,
உன் நைனா
ம. தானியேல், பி.ஏ.
(சந்திர மண்டலக் கிளை, குமாஸ்தா)