சோணைமுத்துவுக்கு ஊற்றிய தண்ணீர்

சேசு மரி சூசை துணை

அமராவதிபுதூர்
10-6-1976

அன்பு மருமகள் ஞானப்பூவுக்குத் தாய்மாமன் சந்தியாகு எழுதுவது. திருச்சியில் உபதேசியார் பயிற்சி எப்படிப் போகிறது? இங்கே நம் மறுமலர்ச்சி செபக்குழு என்னால்தான் ஓடுகிறது. சனிக்கிழமை ஐந்நூறு பேர். கோயிலில் நூறு பேர்தானே கொள்ளும் என்பாய். மீதிப்பேர் வெளியே நின்றார்கள்.

ஞானஸ்நானத்துக்கு ஆயத்தமாகும் பெரியவர்களுக்கு ஞானோபதேசம் நடத்துவதும் நானே. ஐந்தாவது படித்த எனக்கு முன்னால் வாத்தியார்களே கைகட்டி உட்காருகிறார்கள்.

அரிசி மில்லில் மூட்டை தூக்கிய சோணைமுத்து என் வகுப்பில் இருந்தாரே, போன மாதம் காய்ச்சலில் இறந்துவிட்டார். ஆனால் மூச்சு நிற்குமுன் நானே செம்பில் தண்ணீர் மொண்டு ஞானஸ்நானம் கொடுத்துவிட்டேன். எழுந்து உட்கார்ந்து சிரித்தார். என் வார்த்தையை நம்பிச் சாமியார் பதிவேட்டில் எழுதி, நம் கல்லறையில் அடக்கினார். அடுத்த மாதக் கூட்டத்தில் இதை நான் சாட்சியாகச் சொல்ல வேண்டுமாம்.

ஒன்று சொல்லணும். வகுப்பில் விசுவாசப் பிரமாணம் ஒப்பிக்கும்போது பாதாளம் என்ற இடம் வந்தால் சோணைமுத்து தடுமாறி நின்றுவிடுவார். இப்போது வகுப்பு மொத்தமும் சொல்லி முடித்தபிறகும் அந்த இடத்தில் ஒரு குரல் தடுமாறி நிற்கிறது. எனக்கு மட்டும்தான் கேட்கிறது.

சந்தியாகு

திருச்சி
17-6-76

மாமாவுக்குத் தோத்திரம். நலம், சாப்பாட்டில்தான் உப்பில்லை. அம்மாவுக்கு நீங்கள் எழுதிய கடிதத்தில் இளநீர் ஊற்றியதாக இருக்கிறது. எனக்குச் செம்புத் தண்ணீர். இளநீரில் ஞானஸ்நானம் செல்லாது என்று எனக்குச் சொல்லித்தந்ததே நீங்கள்தான். கோபிக்காதீர்கள். நீங்கள் சாட்சி சொல்லும்போது சோணைமுத்துவின் மனைவி பொன்னுத்தாயி எதிரே உட்கார்ந்திருப்பார்.

ஞானப்பூ

அமராவதிபுதூர்
24-6-76

மருமகளே, தண்ணீரும் இல்லை, இளநீரும் இல்லை. நான் போனபோது உடம்பு குளிர்ந்துவிட்டது.

மனப்பாடம் வரவில்லை என்று மூன்று தடவை அவர் ஞானஸ்நானத்தைத் தள்ளிப்போட்டேன். ஈஸ்டருக்கு வெளுத்த வேட்டியோடு வந்து நின்றார். அடுத்த வருடம் பார்ப்போம் என்றேன். பிறகு, ஞானஸ்நானம் இல்லாமல் கல்லறையில் இடம் கிடைக்காதே என்று பயந்து பொய் சொன்னேன். இதைக் கிழித்துவிடு.

சந்தியாகு

திருச்சி
30-6-76

மாமா, ஞானஸ்நானத்துக்கு ஆயத்தமாகிக்கொண்டிருந்தவர் அது கிடைக்காமல் இறந்தால், அவருடைய ஆசையைத் திருச்சபை ஏற்றுக்கொள்கிறது. கல்லறையிலும் இடமுண்டு. நீங்கள் பொய் சொல்லத் தேவையே இருக்கவில்லை. கூட்டத்துக்கு முன்னால் சாமியாரிடம் போய்விடுங்கள்.

ஞானப்பூ

அமராவதிபுதூர்
12-7-76

ஞானப்பூவுக்கு,

சாமியாரிடம் சொன்னேன். பதிவேட்டில் அந்த வரியை அடித்தார். கூட்டத்தில் இருபத்துமூன்று பேர் இருந்தார்கள். உள்ளதைச் சொல்லிவிட்டு உட்கார்ந்தேன்.

பொன்னுத்தாயி வெளியே காத்திருந்தது. "நான் தலைமாட்டுலதானண்ணே உக்காந்திருந்தேன். நீங்க வந்தப்பவே அவுக இல்ல. எடமாவது கெடைக்கட்டும்னு வாயத் தொறக்கல" என்றது.

இடம் எப்படியும் கிடைத்திருக்கும், ஆசையே போதுமாம் என்று நீ எழுதியதைச் சொன்னேன். அது சந்தோசப்படும் என்று நினைத்தேன். அது கேட்டது:

"ஆசையே போதும்னா, அவுக கேட்டப்பவே குடுத்திருக்கலாம்ல?"

பதிலுக்காக நின்றது. பிறகு அது போய்விட்டது.

சந்தியாகு