கலிபாலாவின் மைதானத்துக்கு வந்த பேரன்

அன்பு மகள் ஸ்கோலாவுக்கு,

புசோவேயிலிருந்து அப்பா அட்டனாசி எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் இரண்டு பசுக்களும் ஆண்டவர் புண்ணியத்தில் நோய்நொடி இல்லாமல் இருக்கிறோம். நீயும் நலம் என்று போனில் சொல்கிறாய், போனில் யார்தான் வேறு மாதிரி சொல்கிறார்கள், அதனால் எழுத்திலும் ஒரு தடவை கேட்டுவைக்கிறேன். வின்னிபெக்கில் குளிர் போய்விட்டது என்று நீ சொன்னதை உன் அம்மா நம்பிவிட்டாள், நான் நம்பவில்லை, காலுறையைக் கழற்றாதே. இதையெல்லாம் ஏன் போனில் சொல்லாமல் எழுதுகிறேன் என்று கேட்பாய். நம் பக்கத்தில் டவர் கிடைப்பது வடக்குக் கோல் கம்பத்துக்குப் பின்னால் மட்டும்தான், அங்கே நின்று நான் பேசினால் மறுநாள் சந்தையில் என் பேச்சை எனக்கே திருப்பிச் சொல்வார்கள். பங்குச் சாமியார் உங்கள் ஊர்ப் பக்கம் ஏதோ கூட்டத்துக்கு வருகிறாராம், அவர் கையில் இதைக் கொடுத்தனுப்புகிறேன். நன்றாகப் பசை போட்டுத்தான் ஒட்டியிருக்கிறேன், உறை பிரிந்திருந்தால் எனக்குத் தெரியப்படுத்து.

முதலில் நம் குவெகட்டா பந்தாட்டக் கழகத்தின் கதையைச் சொல்லிவிடுகிறேன், உனக்குத் தெரிந்ததுதான், ஆனாலும் படி, ஏனென்றால் இப்போது ஊரில் ஆளுக்கு ஒரு விதமாகச் சொல்லிக்கொண்டு திரிகிறார்கள், நாளைக்கு உன்னிடமும் யாராவது வேறு மாதிரி சொல்வார்கள். காப்பிச் செடிகளுக்கு வாடல் நோய் வந்த வருஷம் யோவானா கலிபாலாவின் தோட்டம் முழுக்கக் காய்ந்து விறகாகிப்போனது. மனிதர் எல்லாவற்றையும் வெட்டிக் கொளுத்திவிட்டு வேலியில் சாய்ந்து நின்றபோது நாங்கள் வாழைநார்ப் பந்தை அந்தச் சாம்பலில் உதைத்துக்கொண்டிருந்தோம். விரட்டப்போகிறார் என்று நான் முதலில் ஓடியதும் உண்மை. அவரோ, "மரந்தான் செத்துப்போச்சு, மண்ணு என்னடா பாவம் பண்ணிச்சு, ஆடுங்க" என்றார். அவ்வளவுதான் பத்திரம். நான்கு மூலையிலும் எல்லைச் செடியைத் தன் கையாலேயே நட்டுக்கொடுத்தார். ஹாஜி சுலைமான் தலைவரானார், இன்றைக்கும் அவர்தான், எப்படி ஒவ்வொரு தடவையும் அவரே ஜெயிக்கிறார் என்பது எனக்கு இன்னும் விளங்கவில்லை. கழகத்துக்கு குவெகட்டா, ஒற்றுமை, என்று பேர் வைத்துவிட்டு யார் கேப்டன் என்று முதல் மாதமே இரண்டாக உடைந்தோம். எனக்கு உதைக்க வராது, ஓட வரும், அதனால் கோட்டோரக் கொடியை என் கையில் கொடுத்தார்கள். கித்தெண்டே அணிக்காரர்களிடம் வடக்குக் கோலில் தொடர்ந்து கோல் வாங்கியபோது அங்கே எதையோ புதைத்து வைத்திருக்கிறார்கள் என்று நான் சொல்ல, எல்லோரும் சேர்ந்து தோண்ட, தொடை பருமனுக்கு ஒரு பழைய காப்பி வேர்தான் வந்தது. "மந்திரத்தைத் தோண்டப் போயி மரத்தைத் தோண்டினவன்" என்று ஹாஜி இன்னும் என்னைக் கேலி செய்வதை நீயே கேட்டிருக்கிறாய். அந்த வேருக்கு அடியில் வேறொன்றும் இல்லை என்று யாரும் சரியாகப் பார்க்கவில்லை என்பதுதான் என் கட்சி. பிறகு நீ பெண்கள் அணி சேர்த்தாய், அப்போதிருந்த சாமியார் முகத்தைச் சுளித்தார், மசாக்கா வரை போய் நீங்கள் ஜெயித்து வந்ததும் படத்தில் நடுவில் நின்றது அதே முகம்.

கலிபாலா செத்தபோது அவருக்கு வாரிசு என்று யாரும் இல்லை. ஒரே மகன் பாஸ்கோ ராணுவ ஆட்சிக் காலத்திலேயே கென்யாவுக்கு ஓடியவன், போனவன் போனவன்தான். வாரிசாக நின்று ஈட்டி வாங்க ஆள் இல்லாததால் கடைசிச் சடங்கும் நடக்கவில்லை, மைதானம் யாருடையது என்று யாரும் கேட்கவும் இல்லை, நாங்கள் பாட்டுக்கு ஆடிக்கொண்டிருந்தோம். அப்படி இருக்கும்போதுதான் போன நவம்பரில் இந்த ஜெரால்டு வந்து இறங்கினான். நகுருவில் பிறந்த பாஸ்கோவின் மகன், கலிபாலாவின் பேரன் என்று ஊரே மத்தளம் கொட்டியது. அவனும் சும்மா வரவில்லை, அணிக்குப் புதுச் சட்டை, புது வலை, நெஞ்சில் கலிபாலா பேர் அச்சடித்து. கிழவர் மைதானத்து நாய்க்கு வைத்த பேர் வரை சொன்னான். அது வெட்டுக்கிளி காலம் அல்லவா, ஹாஜி கடையில் வறுத்த வெட்டுக்கிளிப் பொட்டலத்தை நீட்டியிருக்கிறார், இவன் ரெண்டு கையாலும் தள்ளி, "ஐயையோ, நான் வெட்டுக்கிளிக் குலம், குலப்பேர் உள்ளதத் தின்னக்கூடாது" என்றானாம். கலிபாலாவும் அந்தக் குலம்தானே, அதோடு ஊர் கவிழ்ந்துவிட்டது. நானும் அதே குலம்தான், ஒரு நாளாவது ஐயையோ என்று கத்தியிருக்கிறேனா, பொட்டலம் வந்தால் பக்கத்து ஆளிடம் தள்ளிவிடுவேன், அவ்வளவுதானே. தவிர நகுருவில் வளர்ந்த எவன் வெட்டுக்கிளியை வாயில் வைப்பான், அதுவும் ஒரு சாட்சியா? இதைச் சொன்னதற்கு ஹாஜி எல்லோர் முன்னாலும், "அட்டனாசிக்கு அந்த ஈட்டி மேல கண்ணு, அதான் வயிறு எரியுது. கோல் போட்டாக்கூடக் கொடி தூக்குறவன்யா இவன்" என்றார். நான் கலிபாலாவின் கிளையே இல்லை, எனக்கு எதற்கு அவர் ஈட்டி?

டிசம்பரில் நீ லீவில் வந்து பழைய பெண்கள் அணியோடு ஆடினாயே, அன்றைக்கு இந்தப் பையன் கோட்டோரத்தில் கைதட்டிக்கொண்டு நின்றான். நான் கொடியோடு பக்கத்திலேயே நின்றேன். அவன் பந்தைப் பார்க்கவே இல்லை. அப்போது நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை, என் சந்தேகமெல்லாம் மைதானத்தின் மேலேயே இருந்தது. நீ போன பிறகு கேட்டால், ஆகஸ்டில் கலிபாலாவுக்குக் கடைசிச் சடங்கு, ஜெரால்டுக்கு மரப்பட்டைத் துணி போர்த்தி ஈட்டி கொடுத்து வாரிசாக உட்காரவைக்கப்போகிறோம் என்கிறார்கள். உட்கார்ந்துவிட்டால் மைதானம் சட்டப்படி அவன் கைக்குப் போய்விடும். போன மாதம் ஒரு காலையில் மாட்டை ஓட்டிக்கொண்டு போனவன் பார்க்கிறேன், கார்னர் கொடி பக்கத்தில் சுண்ணாம்பு அடித்த முளைக்குச்சிகள். ரோட்டுப் பக்கம் முழுக்க வரிசையாக. விசாரித்தால் கம்பாலாவிலிருந்து பெட்ரோல் பங்க் போடுகிறவர் ஒருவர் வந்து பார்த்துவிட்டுப் போனாராம். ஜெரால்டைக் கேட்டேன், "சும்மா அளந்து பாத்தாங்க ஐயா" என்றான். சும்மா அளக்க யாராவது கம்பாலாவிலிருந்து வருவார்களா ஸ்கோலா? ஊரில் யாரும் என் பேச்சைக் கேட்கிற மாதிரியும் இல்லை, புதுச் சட்டை போட்டவன் எவன் கேட்பான்.

இந்த நிலைமையில்தான் உன் அத்தை வந்தாள். கோயிலுக்குக் கட்டுகிற உடுப்பில், வேலை நாளில், அதைப் பார்த்ததுமே ஏதோ விஷயம் இருக்கிறது என்று எனக்குப் பட்டது. உட்காரக்கூட இல்லை, "அண்ணே, மாப்பிள்ளை தானா வந்து வாசல்ல நிக்குது, நம்ம ஸ்கோலாவ முறைப்படி எங்கிட்டதான் கேட்டுச்சு, எவ்வளவு மரியாதை தெரியுமா" என்றாள். யார் என்றேன். ஜெரால்டு என்றாள். உன் அம்மா ஆண்டவரே என்று சிரித்தாள், நான் மட்டும், "ஏம்மா, அவன் எந்தக் குலம்?" என்று கேட்டேன். "என்னண்ணே கேக்குற, நம்ம வெட்டுக்..." என்று பாதியில் நிறுத்தி வாயைப் பொத்திக்கொண்டு அப்படியே பாயில் உட்கார்ந்துவிட்டாள். இந்தப் பங்கிலே பாதிக் கல்யாணத்தை முடித்துவைத்தவள், பையனுடைய பளபளப்பான ஷூவைப் பார்த்ததில் பங்காளி முறையையே மறந்துவிட்டாள். எனக்கு அன்றைக்கு வந்த சந்தோஷத்தை நான் மறைக்கப்போவதில்லை. வெட்டுக்கிளிக் குலத்தில் பிறந்தவன் வெட்டுக்கிளிக் குலத்துப் பெண்ணைக் கேட்பானா? ஒரே குலம் என்றால் நீ அவனுக்குத் தங்கை அல்லவா! அகப்பட்டான் என்று குதித்தேன். ஹாஜியிடம் போய்ச் சொன்னால் அவர் அசரவில்லை, "கென்யாவுல வளந்த புள்ளைய்யா, முறை தெரியாமக் கேட்டிருக்கும், சொல்லித் திருத்துவியா, இதுக்குப் போயி ஆட்டத்த நிறுத்துவியா" என்றார். அதுவும் நியாயம் மாதிரிதான் பட்டது, அதனால்தான் இன்னும் எரிச்சலாக இருந்தது.

சரி, அவனையே கேட்டுவிடலாம் என்று போன ஞாயிறு ஆட்டம் முடிந்ததும் கழகக் கொட்டகையில் எல்லோரையும் உட்காரவைத்தேன். நம் குலப் பெரியவர்கள் இரண்டு பேரையும் வரவழைத்திருந்தேன், உன் அத்தை பின்னால் முக்காடு போட்டுக்கொண்டு நின்றாள். நான் கேட்டது இதுதான்: "தம்பி, நீ கலிபாலா பேரன்னா ஸ்கோலா உன் தங்கச்சி. அவ பேச்ச இன்னியோட விடு, ஆகஸ்டுல ஈட்டிய வாங்கிக்கோ, மைதானம் உன்னுது, நான் வாயத் தொறக்க மாட்டேன். பேரன் இல்லைன்னா தாராளமாப் பொண்ணு கேக்கலாம், ஆனா இங்க ஒரு புல்லு கூட..." நான் முடிக்கவில்லை ஸ்கோலா. அவன் எழுந்து நின்று, "நான் பேரன் இல்லீங்க" என்றுவிட்டான். மைதானத்தைத்தான் எடுப்பான் என்று நான் அடித்துச் சொல்லியிருப்பேன். பெட்ரோல் பங்குக்கு உன்னை விட்டுக்கொடுத்தான் பார் என்று உனக்கு எழுத வார்த்தையெல்லாம் கூட்டி வைத்திருந்தேன், அத்தனையும் வீணாய்ப் போனது.

கொட்டகையில் ஒரே கூச்சல். பையன்கள் அவன் வாங்கித் தந்த சட்டையைக் கழற்றி அவன் காலடியில் எறிந்தார்கள், மழைக்காற்று அடித்ததும் இரண்டு பேர் மெதுவாகத் திரும்ப எடுத்துப் போட்டுக்கொண்டதை நான் பார்த்தேன். ஹாஜிதான் அடிக்கவே போனார், அவனோ நகராமல் நின்று சொன்னான். பாஸ்கோவுக்குப் பிள்ளையே கிடையாதாம். இவன் அப்பா நகுருவில் லாரி ஓட்டிய நம் நாட்டுக்காரர், மான் குலம், சின்ன வயதிலேயே போய்விட்டார், பக்கத்து அறையிலிருந்த பாஸ்கோதான் இவனை வளர்த்தது, நாயின் பேரெல்லாம் அப்படித்தான் தெரியும். பாஸ்கோ செத்த செய்தியை ஊருக்குச் சொல்லத்தான் வந்தானாம். "கலிபாலா வீடு எதுன்னு கடையில கேட்டேன், நான் மேல பேசறதுக்குள்ள ஹாஜி ஐயா பேரன் வந்துட்டான்னு கத்திட்டாரு. அம்மாமாரெல்லாம் கட்டிப்பிடிச்சு அழுதாங்க. எனக்குன்னு அழுத ஆளு அதுவரைக்கும் யாருமில்ல, இல்லைன்னு சொல்ல வாய் வரல. அப்புறம் பெட்ரோல்காரரு வந்தப்ப ஆசையும் வந்துச்சு, அதயும் மறைக்கல" என்றான். ஹாஜி அதற்குப் பிறகு யாரையும் அடிக்கப் போகவில்லை. நானும் அவன் சொன்னதில் பொய் எங்கே என்று தேடினேன், கிடைக்கவில்லை, அது எனக்குப் பழக்கமில்லாத நிலைமை.

ஆகஸ்டில் வாரிசுச் சடங்கு இல்லை என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். மைதானத்தைக் குலத்தின் பொறுப்பில் கழகத்துக்கே விட்டு, இந்தத் தடவை கையெழுத்தும் போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். திங்கட்கிழமை எல்லோரும் சேர்ந்து ரோட்டோரம் முழுக்க எல்லைச் செடி நட்டோம், முளைக்குச்சிகளைப் பிடுங்கி ஹாஜி ஆடு கட்ட எடுத்துக்கொண்டார். ஜெரால்டு ஊரைவிட்டுப் போய்விடுவான் என்று நினைத்தேன், போகவில்லை, சந்தைக்குப் பின்னால் யாரோ ஒருவரிடம் மோட்டார் பழுது பார்க்கிறான். பெட்ரோல்காரர் இன்னொரு வழியில் வரமாட்டார் என்பதற்கும் ஒன்றும் உத்தரவாதம் இல்லை, நான் தினமும் மாட்டை அந்தப் பக்கமாகத்தான் ஓட்டுகிறேன். அவன் மான் குலம் என்றதையும் அப்படியே விழுங்கவில்லை, அவன் அப்பா வழி ஆட்கள் முக்கோனோ பக்கம் இருக்கிறார்களாம், விசாரிக்க ஆள் அனுப்பியிருக்கிறேன்.

உன்னிடமும் ஒன்று கேட்கவேண்டும், கோபப்படாதே. அவன் பேரை எடுத்தாலே நீ போனில் சிரிக்கிறாய் என்று உன் தங்கை சொல்கிறாள். பேரன் இல்லை என்று உனக்கு முன்பே தெரியுமா? தெரியாது என்று அவன் உன் அத்தையிடம் சத்தியம் செய்தானாம், நீ சொல்லாமல் நான் நம்பமாட்டேன். அண்ணன் முறை என்று நினைத்துக்கொண்டே சிரித்தாயா, அப்படியென்றால் அது வேறு பேச்சு.

பொய் சொன்னவன்தான், அதை நான் மறக்கப்போவதில்லை. ஆனால் நான் கேள்வியை முடிப்பதற்குள் எழுந்துவிட்டான். மைதானமா மகளா என்று என்னை யாராவது கேட்டிருந்தால் உன்னைத்தான் சொல்லியிருப்பேன் ஸ்கோலா, அதில் உனக்குச் சந்தேகம் வேண்டாம், ஆனால் ஒரு மூச்சு விட்டுவிட்டுத்தான் சொல்லியிருப்பேன். அவன் அந்த மூச்சைக்கூட விடவில்லை. ஒரு வாரமாக எனக்குத் தூக்கம் சரியில்லை.

நேரத்துக்குச் சாப்பிடு, ராத்திரி வேலை முடிந்து தனியாக நடந்து வராதே, உன் அம்மா அனுப்பும் கடலை மாவைப் பக்கத்து அறைக்காரி எடுக்காமல் பூட்டி வை. தேவமாதா உன் பக்கத்திலேயே இருப்பாள், அப்பா அம்மாவின் ஆசீர்வாதம் எப்போதும் உன் தலைமேல் உண்டு. அவன் வேண்டாம் என்றால் எனக்கு ஒரு வரி எழுது, அன்றைக்கே நானே போய் முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுகிறேன். வேண்டும் என்றால் எனக்கு எழுதாதே, உன் அத்தைக்கு எழுது, அதுதான் முறை. நான் பாட்டுக்கு இன்னும் கொஞ்ச நாள் சந்தேகப்பட்டுக்கொண்டு இருக்கிறேன்.

உன் அன்பு அப்பா,
அட்டனாசி,
புசோவே