என்னை யாரும் கேட்கவில்லை

ஜூன் 10
நைனாவுக்குக் காலை ஷிப்ட். விடியும் முன்பே கும்மிடிப்பூண்டி கம்பெனிக்குப் போய்விட்டார். அம்மா இட்லி ஊற்றிக்கொண்டிருந்தபோது ரிசல்ட் வந்தது. வகுப்பில் எல்லாருக்கும் மதிப்பெண். என் எண்ணுக்கு எதிரே மட்டும் ‘நிறுத்திவைப்பு’.

ஜூன் 12
எனக்கு மட்டும் இல்லையாம், என் தோழி ஸ்நேகாவுக்கும்தான். கல்லூரி அலுவலகத்தில் பல்கலைக்கழக உத்தரவைக் காட்டினார்கள். வேதியியல் தேர்வில் என் விடைத்தாளும் எனக்குப் பின்பெஞ்சில் எழுதிய அவளுடையதும் ஒரே மாதிரி இருக்கின்றனவாம். இரண்டு பேரும் இரண்டு வருடம் தேர்வு எழுதக் கூடாது. ‘விசாரணைக்குப் பின்’ என்று போட்டிருக்கிறது. எந்த விசாரணை? யாரை விசாரிச்சாங்க? என்னை ஒரு வார்த்தை கேக்கலையே. நான் காப்பி அடிக்கலை. அடிக்கவே இல்லை.

ஜூன் 13
சாப்பாடு இறங்கவில்லை. ஸ்நேகா போனை எடுக்கவில்லை.

ஜூன் 16
நைனா லீவு போட்டுவிட்டு என்னோடு பல்கலைக்கழகத்துக்கு வந்தார். மன்னிப்புக் கேட்டு எழுதிக்கொடுத்தால் தண்டனையை ஒரு வருடமாகக் குறைக்கப் பார்க்கலாம் என்றார் தேர்வுப் பிரிவில் ஒருவர். நைனா என்னைப் பார்த்த பார்வையில் பயந்துவிட்டேன் — கேட்டுவிடு என்பாரோ? திரும்பும்போது ரயில் கும்மிடிப்பூண்டி தாண்டியதும் நைனா கேட்டார்:
“நீ செஞ்சியா, இல்லியா? அத்த மட்டும் சொல்லு.”
இல்லை என்றேன்.
“அப்போ இன்னாத்துக்கு மன்னிப்பு? உன்ன கூப்ட்டு வச்சி கேக்கச் சொல்லு.”

ஜூன் 18
துணைவேந்தருக்குப் பதிவுத் தபால் போட்டேன். தண்டிக்கும் முன் என்னைக் கேட்டிருக்க வேண்டும், என் தாளைக் காட்டுங்கள், நேரில் பேச விடுங்கள் — இவ்வளவுதான் எழுதினேன். அதிகப்பிரசங்கி என்று இன்னும் கோபப்படுவார்களோ?

ஜூலை 4
ஒன்பதாம் தேதி வரச் சொல்லியிருக்கிறார்கள். போகாமல் இருக்க முடியுமா? கேட்டது நான்தானே?

ஜூலை 9
மூன்று பேர் குழு. இரண்டு தாள்களையும் இன்றுதான் பார்த்தேன். ஒரு சமன்பாட்டைத் தப்பாக எழுதி, அடித்துவிட்டு, அடுத்த பக்கத்தில் திருத்தியிருந்தேன். ஸ்நேகா தாளில் அந்தத் தப்பு அப்படியே இருந்தது. திருத்தம் இல்லை. அதைக் காட்டினேன்.
நடுவில் இருந்த பூமிகா மேடம் கேட்டார்: “அப்போ அந்தப் பொண்ணுதான் உன்னப் பாத்து எழுதியிருக்கு. அப்படித்தானே, கவிப்பிரியா?”
ஆமாம் என்று வாய் வரை வந்துவிட்டது.
“அவ பாத்து எழுதுனத நான் பாக்கல மேடம். அவளையும் கூப்ட்டுக் கேளுங்க. அவளையும் யாரும் கேக்கல.”
வெளியே வந்த பிறகுதான் தோன்றியது: ஆமான்னு சொல்லித் தொலைச்சிருக்கலாமோ? நானே கெடுத்துக்கினேனோ?

ஜூலை 17
ஒரு தகவலும் இல்லை.

ஜூலை 24
என் மீதான தடையை நீக்கிவிட்டார்கள். மதிப்பெண்ணும் வந்துவிட்டது. அம்மா அழுதாள். எனக்கு நன்றாகப் பசித்தது.

ஜூலை 28
ஸ்நேகா போன் செய்தாள். வியாழக்கிழமை விசாரணைக்கு வரச் சொல்லியிருக்கிறார்களாம். “நான் பாத்துதான்டி எழுதினேன். அங்க போயி இன்னா சொல்றது?”
கோபம் வரவில்லை என்று எழுதினால் பொய். இத்தினி நாளா எங்கடி இருந்தேன்னு கத்தணும்போல இருந்தது. உட்காரச் சொல்வார்கள், தாளைக் காட்டுவார்கள், நீ பேசி முடிக்கும்வரை குறுக்கிட மாட்டார்கள் என்று மட்டும் சொன்னேன். அவள் அழுதுகொண்டே இருந்தாள்.
வியாழக்கிழமை நானும் கூட வர்றேன் என்றேன். பொன்னேரியில் ரயில் ஏறுகிறாளாம். நான் முன்னாலேயே ஆரம்பாக்கத்தில் ஏறிவிடுவேன். அவளுக்கும் ஒரு இடம் பிடித்து வைக்கணும்.