ஊமைப்படத்தோடு ஒரு படையல்

எங்கள் வீட்டு விழுந்தெழும்பி அண்ணாவுக்கு,

நேற்று உங்கள் முதலாவது ஆண்டுத் திவசம். நாங்கள் நாடுவிட்டு வந்து குடியேறிய இந்த ஏவன்டேல் வாடகை வீட்டில் இன்னும் அதே ஈரக்குளிர். உங்கள் மனைவி, என் மச்சாள், விடியவே சந்தைக்குப் போய் உங்களுக்குப் பிடித்த மரவள்ளிக் கிழங்கு வாங்கி வந்தா.

உங்கள் மகள் ஆரபி இந்த வருடம் முழுக்கச் சிரிக்கவே இல்லை. ஏனென்று உங்களுக்குத் தெரியுமா? முன்னறைச் சுவரில் ஊமைப்படம் போடுவீர்கள். படத்தில் இருக்கிறவன் விழும்போது நீங்களும் முக்காலியோடு விழுவீர்கள். பிறகு எழும்பி, தலையில் இல்லாத தொப்பியைத் தூக்கிக் காட்டுவீர்கள். அன்றைக்கும் விழுந்தீர்கள். எல்லாரும் சிரித்தோம். கடைசிவரை சிரித்தது ஆரபிதான். நீங்கள் தொப்பியைத் தூக்கவில்லை.

தான் சிரித்ததால்தான் அப்பா எழும்பவில்லை என்று பிள்ளை நினைக்கிறாள். மாரடைப்பு என்று சொன்னால் கேட்கிறாளில்லை.

நேற்று முன்னறையில் படையல் வைத்து, பக்கத்தில் உங்கள் முக்காலியையும் போட்டு, நீங்கள் வந்து சாப்பிடுவதற்காகக் கதவைச் சாத்தப் போனோம். அதற்குள் ஆரபி போய் புரொஜெக்டரைப் போட்டுவிட்டாள். நான் தடுக்கப் போனேன்.

"விடுங்கோ மச்சாள். அவருக்கு விருப்பமானதைத்தானே வைக்கிறது" என்றா உங்கள் மனைவி என்னிடம்.

நாங்கள் மூவரும் வெளியே நின்றோம். சத்தமில்லாத படம். கதவுக்குக் கீழே வெளிச்சம் மட்டும் துடித்தது. அப்போது உள்ளே முக்காலி விழுந்த சத்தம் கேட்டது.

மச்சாள் கதவைத் திறக்கப் போக, ஆரபி கையைப் பிடித்தாள். "வெயிட், அம்மா. ஹி ஹாஸ் டு கெட் அப்." அப்பா எழும்பவேணுமாம்.

எவ்வளவு நேரம் நின்றோமோ தெரியாது. பிறகு பலகைத் தரை மெல்லக் கிறீச்சிட்டது, யாரோ கையூன்றி எழும்புகிற மாதிரி. ஆரபி சிரித்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். என்னால் அழுகையை அடக்க முடியவில்லை.

திறந்து பார்த்தால் படம் முடிந்து சுவர் வெள்ளையாகக் கிடந்தது. முக்காலி விழவே இல்லை. வைத்த இடத்தில் அப்படியே நின்றது. ஆரபி அந்த வெறுஞ்சுவரைப் பார்த்து, தன் தலையில் இல்லாத தொப்பியைத் தூக்கினாள். யாருக்குத் தூக்கினாள்?

பயந்துபோனேன் அண்ணா, பொய் சொல்ல மாட்டேன். வந்தது நீங்கள்தானா?

நீங்கள்தான் என்றால் வருகிற வருடமும் வாருங்கள், படம் ஓடும். ஆசைதீர விழுங்கள். நீங்கள் எழும்பும்வரை ஒருவரையும் அந்தக் கதவைத் திறக்க விடமாட்டேன்.

கதவுக்கு வெளியே காது வைத்து நிற்கும்,
உங்கள் தங்கச்சி