‘வாரேன்’ என்று சொல்லிக் கெட்டது

1953 மே 11, திங்கள். திருமயம்.

விடியும் முன்பே வியர்வை. சின்னம்மா வீட்டில் தங்கல். துணைக்கு வந்த அம்மாவுக்கு முதுகெல்லாம் வேர்க்குரு. நுங்கு வாங்க வேண்டும்.

யுத்தத்தில் போட்டுவிட்டுப் போன ஓடுதளத்தில், விமானம் ஓட்டக் கற்றுத்தரும் கிளப் முகாம். ஒரே விமானம். முன் சீட்டில் மதாம், பின்னால் கற்றுக்கொள்பவர். மதாம் பிரெஞ்சுக்காரி. பெண்களை விமானத்தின் பக்கம் அண்ட விடாத காலத்திலேயே ஓட்டியவராம், பிறகு ஆண்களுக்கே வாத்தியார். ஆவூர்ப் பள்ளிக் கணக்கு டீச்சரான என்னைக் கூப்பிட்டதே மொழிபெயர்க்க. கன்னியாஸ்திரீகளிடம் படித்த பிரெஞ்சு. வந்த அன்றே, புதுச்சேரியில் தமிழ் கற்றேன், ஆள் வேண்டாம் என்று முகத்தில் அடித்தாற்போல் சொல்லிவிட்டார். திரும்பியவளைக் கூப்பிட்டுப் பின் சீட்டில் ஏற்றியதும் அவர்தான்.

சனிக்கிழமை முகாம் முடிகிறது. அதற்குள் தனியாக ஒரு சுற்று ஓட்டினால்தான் சென்னையில் மேற்கொண்டு சேர்ப்பார்கள். இல்லாவிட்டால் ஜூனில் மறுபடி பின்னக் கணக்கு.

மே 12, செவ்வாய்

அழுது முடித்துவிட்டு எழுதுகிறேன்.

மதாம் யாரையும் தானாகத் தனியே அனுப்பமாட்டார். ஓட்டுபவர் தன் வாயால் சொல்ல வேண்டும். அது அவர் சட்டம். இன்று என் முறை. அவர் இறங்கி, முன் சீட்டு வாரை இறுக்கிக் கட்டினார். இஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. காதருகே குனிந்து, "போறியா?" என்றார்.

"வாரேன்" என்றேன்.

சுவிட்சை அணைத்துவிட்டார். "இறங்கு. இன்னொரு நாள் பாப்போம்."

ஒன்றும் விளங்காமல் இறங்கினேன்.

அடுத்து பொன்னமராவதி ஜவுளிக்கடைக்காரர் மகன். காலேஜ் படிப்பு. "கோயிங், மேடம்" என்றான், போனான். கோணலாக இறங்கினான். கைதட்டல். நானும் தட்டினேன். வயிற்றெரிச்சல்தான். இங்கே எழுதினால் யார் படிக்கப்போகிறார்கள்.

மே 13, புதன்

கோடை மழை. ஓடுதளம் சேறு. துணி துவைத்தல்.

சின்னம்மா மகள் புதுக்கோட்டைக்குக் கிளம்பும்போது "போறேன் பெரியம்மா" என்றாள். அம்மா வள்ளென்று விழுந்தாள். "போறேன்னு சொல்லாதடி. போயிட்டு வாரேன்னு சொல்லு."

பிழிந்துகொண்டிருந்த கை நின்றுவிட்டது. ஐயோ! நான் இறங்கி வருகிறேன் என்றல்லவா மதாம் புரிந்துகொண்டிருக்கிறார்.

நனைந்துகொண்டே போய்ப் பிரெஞ்சில் விளக்கினேன். சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. வருவேன் என்று சொன்ன எத்தனையோ பேர் வரவில்லை என்றார். வருவது நம் கையில் இல்லை, போவது மட்டும்தான் நம் கையில். அதனால் அவருக்கு அந்தச் சொல்தான் வேண்டும். தமிழிலேயே.

ஒரு சொல்தானே? குளியலறையில் சொல்லிப் பார்த்தேன். ‘போ’வுக்கு மேல் வரவில்லை. பர்மாவுக்குக் கப்பலேறும்போது அண்ணன் கோபத்தில் "போறேன்" என்று சொல்லிவிட்டுப் போனான். யுத்தத்தோடு தகவல் நின்றது. அம்மா ஜப்பான்காரனைத் திட்டியதில்லை. அந்தச் சொல்லைத்தான் திட்டுவாள்.

மே 14, வியாழன்

ஆண்டவருடைய ஆரோகணத் திருநாள். முதல் பஸ்ஸில் புதுக்கோட்டை, பூசை. விஷயத்தை வழியில் அம்மாவிடம் சொல்லிவிட்டேன். ஜெபமாலையை எடுத்து உருட்டத் தொடங்கினாள். திரும்ப வருவேன் என்று சொல்லிவிட்டுத்தான் ஆண்டவர் ஏறிப்போனார் என்று பிரசங்கத்தில் சாமியார் சொன்னதும் அம்மா முழங்கையால் என்னை ஒரு இடி இடித்தாள். மதாம் கோயிலுக்கு வராததும் அம்மாவுக்குக் குறை.

மே 15, வெள்ளி

காற்று. யாரும் பறக்கவில்லை. மதாம் சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தார். நாளை அம்மாவும் வருகிறாளாம். வேண்டாம் என்று எப்படிச் சொல்ல?

மே 16, சனி

நல்ல வானம். அம்மா குடையோடு இறக்கைக்குப் பக்கத்தில். மெக்கானிக் இரண்டு தரம் அங்கிட்டுத் தள்ளி நிற்கச் சொன்னார்.

மதாம் இந்தத் தரம் இஞ்சினை நிறுத்திவிட்டுக் கேட்டார். காதில் சரியாக விழ வேண்டுமாம்.

"போறியா?"

அம்மாவைப் பார்த்தேன். பார்த்திருக்கக் கூடாது.

"போறேன்."

அம்மா குடையால் முகத்தை மறைத்துக்கொண்டாள்.

முன் சீட்டில் ஆளில்லாத விமானம் இத்தனை லேசாக எழும் என்று தெரியாது. கோட்டைக்கு முன்னால் திரும்பினேன். திட்ட ஆளில்லை. பயம் இருந்தது, அதைவிடச் சந்தோஷம் இருந்தது. இறங்கும்போது ஒரு துள்ளல், பிறகு நேராக ஓடி நின்றது. மதாம் கை குலுக்கினார். சென்னைக்கு என் பெயரை எழுதுவதாகச் சொன்னார்.

அம்மா கிட்டே வரவில்லை. நான் போனேன்.

"சொல்லிப்புட்டியே" என்றாள்.

"வந்துட்டேன்லம்மா."

"அவனுந்தான் வருவான்னு இருந்தேன்."

வழியெல்லாம் எனக்கு முன்னாலேயே நடந்தாள். வீட்டு வாசலில் குடையை மடக்கிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் கேட்டாள்.

"மெட்ராசுக்கு என்னைக்குப் போறே?"

ஜூனில் என்றேன்.