காதுகள் மாறிய வாரம்

மார்ச் 4, செவ்வாய்

காலையில் கணினி தானாகவே என்னென்னவோ புதுப்பித்துக்கொண்டு எழுந்தது. அதிலிருந்து காது பரிசோதிக்கும் கருவியை யாரென்றே தெரியாது என்கிறது. யுஎஸ்பி வயரைப் பிடுங்கிச் சொருகினேன், ஊதினேன், கெஞ்சினேன். ‘லைப்ரரி ஃபைல் காணவில்லை.’ கருவி சொல்வதைக் கணினிக்கும், கணினி சொல்வதைக் கருவிக்கும் எடுத்துச் சொல்கிற சின்ன ஃபைல் அது. அது இல்லாமல் இரண்டுக்கும் மனஸ்தாபம் வந்த சம்பந்திகள் மாதிரி பேச்சுவார்த்தையே இல்லை.

சர்வீஸ்காரர், “அடுத்த வாரம் பாக்கலாம் மேடம்” என்றார். வெளியே நாற்காலி நிறைய ஆட்கள். டாக்டர் கதவைத் திறந்து பார்த்து, கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டிவிட்டு மூடினார். திட்டியிருந்தால்கூடத் தேவலை.

மார்ச் 5, புதன்

சாதித்துவிட்டேன்! இணையத்தில் அதே பெயரில் ஒரு ஃபைல் கிடைத்தது. இறக்கி, உரிய இடத்தில் போட்டதும் பச்சை விளக்கு எரிந்தது. தினமும் செய்கிறபடி ஹெட்போனை முதலில் நானே மாட்டிச் சோதித்தேன். எவ்வளவு கேட்கிறது என்று திரையில் காட்டும் கோடு இரண்டு காதுக்கும் ஒழுங்காகவே வந்தது. டாக்டர் “பரவால்லையே” என்றார். அவர் வாயிலிருந்து அது வந்தால் பட்டம் கொடுத்த மாதிரி.

மார்ச் 7, வெள்ளி

ஓயாத கூட்டம். கால் வலி.

மார்ச் 8, சனி

ஒரு பஸ் ஓட்டுநர். வியாழனன்று நான் பரிசோதித்தவர். வலது காதில் லேசான குறை, இடது ரொம்ப மோசம். வருகிற புதன்கிழமை இடது காதில் அறுவை சிகிச்சை. இன்று நேரம் கேட்க வந்தவருக்கு போன் வந்தது. இடது காதில் வைத்துத்தான் பேசினார், சிரித்துச் சிரித்து.

“உங்களுக்கு இடது காதுதானே கேக்காது?” என்றேன்.

“வலதுன்னுதாம்மா நான் நெனச்சிட்டிருந்தேன். டாக்டர்கிட்டயும் சொன்னேன். ரிப்போர்ட்டக் காட்டினாரு. மிஷினுக்குத் தெரியாததா எனக்குத் தெரியப்போகுது?”

அதற்குள் பரிசோதனை அறையைப் பூட்டிச் சாவியை டாக்டர் எடுத்துப் போய்விட்டார். கருவியைச் சோதித்துப் பார்க்கத் திங்கள்வரை காத்திருக்க வேண்டும்.

மார்ச் 9, ஞாயிறு

அந்த ஃபைல் இடது, வலதை மாற்றிச் சொல்கிறதா? அப்படியானால் புதன்கிழமையே ஏன் தெரியவில்லை? ஐயோ, என் இரண்டு காதும் நல்ல காது! மாறினாலும் கோடு ஒன்றுபோலத்தானே வரும். சத்தம் எந்தப் பக்கம் கேட்டது என்று பார்த்தேனா? கோட்டை மட்டும் பார்த்துப் பூரித்துப்போனேன், மடச்சி.

கணவரிடம் சொன்னேன். “நாளைக்கு நைசா ஃபைல மாத்திட்டு அந்த ஆள மட்டும் திரும்ப டெஸ்ட் பண்ணிடு. நீயா போய் மாட்டிக்காத” என்றார். ஆசையாகத்தான் இருக்கிறது. ஆனால் மற்றவர்கள்? அந்த நாட்களில் வந்த எல்லாரும்? நல்ல காதை அறுத்து அதுவும் போய்விட்டால் அந்த மனுஷன் மறுபடி ஸ்டியரிங்கைத் தொடுவாரா? சொன்னால் என் வேலை போகும். இதைவிட்டால் எனக்கு என்ன தெரியும்? பயமா இருக்கு. ரொம்ப பயமா இருக்கு.

மார்ச் 10, திங்கள்

‘வலது’ என்று அழுத்தினேன். இடது காதில் பீப்.

கதவைக்கூடத் தட்டாமல் டாக்டர் அறைக்குள் போய் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். முகத்தைத் துடைத்துக்கொண்டார். “அந்த ஆளு சொன்னாரு. நான்தான் காதுல போட்டுக்கல” என்றார். புதன்கிழமை அறுவையை உடனே நிறுத்தச் சொன்னார். நான் எழுந்தபோது, “இனிமே நீங்க டெஸ்ட் ரூமுக்குப் போக வேண்டாம்” என்றார்.

மார்ச் 11, செவ்வாய்

அந்த ஃபைல் வந்த பிறகு பரிசோதித்த எல்லாரையும் மறுபடி வரச் சொல்லி போன் செய்தேன். காது மந்தமானவர்களிடம் போனில் மன்னிப்புக் கேட்பது லேசான காரியமில்லை. “தப்பு என்னோடது” என்று தெருவுக்கே கேட்கும்படி கத்தினேன்.

மார்ச் 24, திங்கள்

வரவேற்பு மேசையில் டோக்கன் கொடுக்கிறேன். இன்று ஓட்டுநர் வந்தார். போன வாரம் அறுவை முடிந்து வலது காதில் கட்டு. இடது காதை என் பக்கம் சாய்த்து, “ஏம்மா, இங்க உக்காந்திருக்க?” என்றார்.

டாக்டர் அறைக் கதவு திறந்திருந்தது. “சும்மாதான்” என்று எனக்கே கேட்காத குரலில் சொன்னேன்.

“சும்மா யாராச்சும் வெளிய உக்கார வெப்பாங்களா?” என்றார் ஓட்டுநர்.