முன் சீட்டுக் கம்பியில் கட்டிய துண்டு

காலையில் ஒரகடத்திலிருந்து தாம்பரம் போகிற பஸ்ஸில் என் பக்கத்தில் இருந்தவர் முன் சீட்டுக் கம்பியில் துண்டைத் தூளி மாதிரி கட்டி, அதில் நெற்றியைச் சாய்த்துத் தூங்கிக்கொண்டு வந்தார். உன் நினைப்பு வந்தது. கூடவே அந்தப் பழைய பொறாமையும் வந்தது. நீ போய் ஆறு மாதமாகியும் அது போகவில்லை.

தொண்ணூற்றொன்றில் குன்றத்தூரில் கம்பெனி பஸ் ஏறினால், மண்ணூர் வருவதற்குள் பாதிப் பேர் இப்படித்தான் துண்டில் தொங்குவார்கள். கடைசி சீட்டில் நீ உட்கார்ந்த மறு நிமிடம் தூங்குவாய். எனக்கு ஒரு நாளும் கண் மூடாது. கம்பெனி வாசலில் உன்னை எழுப்புவது என் வேலை.

தமிழில் பி.ஏ. படித்துவிட்டு நட்டு முடுக்க வந்தவன் நான். பழந்தமிழில் தூங்குவது என்றால் தொங்குவது, அசதியில் தலை தொங்குவதால்தான் தூக்கம் என்ற பேரே வந்திருக்கும் என்று ஒருநாள் உன்னிடம் சொன்னேன். மறுநாள் நீ அதை பஸ் முழுக்கச் சொல்லிவிட்டாய்.

“இன்னா பாக்குறீங்க? தொங்கிக்கினு வர்றோமே, இதாம்ப்பா நெசமான தூக்கம். வூட்ல படுக்குறதெல்லாம் சும்மா.”

பஸ்ஸே சிரித்தது. அன்றிலிருந்து நீ ‘புலவர்’. சூப்பர்வைசர்கூட உன்னைத்தான் அப்படிக் கூப்பிட்டார். எனக்கு வயிறு எரிந்தது. படித்தவன் நான், பேர் உனக்கா?

லைன் லீடர் வேலைக்கு ஒருவரைத் தேர்ந்தெடுக்க நம் இருவரையும் காலையிலேயே வரச் சொல்லியிருந்த நாள் அது. பஸ் நின்றது. துண்டில் உன் தலை லேசாக ஆடிக்கொண்டிருந்தது. நான் எழுப்பவில்லை. சத்தமில்லாமல் இறங்கிவிட்டேன். அடுத்த ஆட்களை ஏற்ற பஸ் உன்னோடு மணிமங்கலம் போனது. நீ திரும்பி வந்தபோது வேலை எனக்கென்று முடிவாகியிருந்தது.

சூப்பர்வைசர் கேட்டதற்கு, “அவன் எழுப்பினான் சார். நான்தான் எழுந்திரிக்கல” என்றாய். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மறுநாளும் என் பக்கத்திலேயே உட்கார்ந்து துண்டைக் கட்டினாய். இதற்குப் பிறகும் இவனுக்கு எப்படித் தூக்கம் வருகிறது என்று அதற்கும் பொறாமைப்பட்டேன்.

உன் பதினாறாம் நாள் காரியத்தில் உன் மனைவி சொன்னார்: “வேலைய வுட்டப்புறம் அவரு பஸ்ல தூங்குனதே இல்லண்ணா. ஏன்னு கேட்டா, எழுப்ப அவன் இல்லியேம்பாரு.”

இன்று அந்த ஆளைத் தொட்டு, எங்கே இறங்கவேண்டும் என்று கேட்டேன். கண்ணைத் திறக்காமலே படப்பை என்றார். படப்பையில் தோளைத் தட்டி எழுப்பி, துண்டை அவிழ்த்துக் கையில் கொடுத்தேன்.

நான் இறங்க வேண்டிய நிறுத்தம் எப்போதோ போயிருந்தது.